கல்யாணப் பெண்ணின் புருவத்தில் ஹேர் டை பூசாதீர்கள்



கொஞ்சம் நீளமான பதிவு. காபி போட்டு எடுத்துக்கொண்டு வந்து உட்காருங்கள். 31 வருஷம் 45 நிமிடப் பீரியடில் பேசிப் பழகிய வாய் இது. சுருக்கமாக எழுத வராது.

ஆவணி பிறந்துவிட்டது. வீட்டுக்கு இதுவரை 6 கல்யாணப் பத்திரிகை வந்திருக்கிறது. அதில் 4 என்னிடம் படித்த பிள்ளைகளின் வீட்டுக் கல்யாணம். முகூர்த்தக்கால் ஊன்றிய பிறகு சொன்னால் யார் காதிலும் ஏறாது என்பதால் இப்போதே சொல்லிவிடுகிறேன்.

தலைமுடிக்குப் போடுகிற டையை எடுத்துப் புருவத்திலும் இமை முடியிலும் பூசுகிற பழக்கத்தை நம் ஊர் பார்லர்கள் நிறுத்த வேண்டும். பூசச் சொல்லிக் கேட்பதை நாமும் நிறுத்த வேண்டும். "போட்டோவுல புருவம் எடுப்பா தெரியணும்க்கா, லேசா ஒரு டச் குடுத்துடறேன்" என்று சொல்லிக்கொண்டே கிண்ணத்தில் மிச்சம் இருக்கிற டையைப் பிரஷ்ஷில் தொட்டுப் பூசிவிடுகிறார்கள். 5 நிமிட வேலை. பல இடங்களில் அதற்குக் காசுகூட வாங்குவதில்லை. தலைக்கு டை போட்டால் புருவத்துக்கு இலவசம்.

இது டீச்சரின் சொந்த அபிப்பிராயம் என்று நினைக்க வேண்டாம். உங்கள் வீட்டு அலமாரியில் இருக்கிற ஹேர் டை பாக்கெட்டை எடுங்கள். பின்பக்கம் எறும்பு ஊர்ந்த மாதிரி எழுத்து இருக்கும். வெறும் கண்ணால் படிக்க முடியாது. செல்போனில் படம் எடுத்துப் பெரிதாக்கிப் பாருங்கள். இதிலுள்ள பொருட்கள் சிலருக்குத் தோல் எரிச்சலை உண்டாக்கலாம், அதனால் முதலில் ஒரு சிறிய இடத்தில் பூசிச் சோதித்துப் பார்க்க வேண்டும் என்று இருக்கும். அதற்குக் கீழே இன்னொன்றும் இருக்கும்: இதைப் புருவத்துக்கோ இமை முடிக்கோ பயன்படுத்தக் கூடாது, பயன்படுத்தினால் பார்வை போகலாம்.

பார்வை போகலாம். அச்சடித்தே கொடுத்திருக்கிறார்கள்.

கம்பெனிக்காரர் நல்ல மனசு வந்து போட்ட வரி இல்லை இது. நம் நாட்டு அழகுசாதனப் பொருள் விதிகள் கட்டாயப்படுத்துகிற வரி. உள்ளே இருக்கிற டியூபிலும் இருக்க வேண்டும், வெளி அட்டையிலும் இருக்க வேண்டும், ஆங்கிலத்திலும் வட்டார மொழியிலும் இருக்க வேண்டும் என்பது விதி. எப்படிச் சோதிப்பது என்ற குறிப்பும் கூடவே இருக்க வேண்டும். ஒரு தடவை சோதித்தால் போதாது, ஒவ்வொரு முறை பூசும் முன்பும் சோதிக்க வேண்டும் என்றும் அதே விதி சொல்கிறது. சிகரெட் பெட்டியில் 85 சதவீத இடத்தில் எச்சரிக்கைப் படம் போட வைத்த அரசாங்கத்துக்கு, கண்ணைப் பறிக்கும் என்று தானே ஒத்துக்கொண்ட ஒரு பொருளின் எச்சரிக்கையைப் பூதக்கண்ணாடி இல்லாமல் படிக்கிற அளவுக்குப் பெரிதாகப் போட வைக்க முடியாதா? என் முதல் கோபம் இதில்தான்.

இரண்டாவது கோபம் சொந்தக்காரர்கள் மேல். ஆமாம், உங்கள் மேல்தான்.

என் சித்தி மகளின் பெண் கல்யாணத்துக்கு உங்களில் பலர் வந்திருந்தீர்கள். அந்தப் பிள்ளையிடம் கேட்டு, அவள் சம்மதத்தோடுதான் இதை எழுதுகிறேன். முகூர்த்தத்துக்கு இரண்டு நாள் முன்னால் சாயங்காலம் பார்லரில் ஃபேஷியல் முடித்துவிட்டு, புருவத்தில் அந்த இலவச டச். மறுநாள் மத்தியானம் அரிப்பு. ராத்திரி இமை வீக்கம். முகூர்த்தத்தன்று காலையில் கண் இரண்டும் கீற்றாகிவிட்டது, புருவத்திலிருந்து நீர் கசிகிறது. நம் ஆட்கள் என்ன செய்தார்கள்? ஒருத்தர் உடம்புச் சூடு என்றார். ஒருத்தர் முந்தின நாள் சாப்பிட்ட கத்திரிக்காயைக் குற்றம் சொன்னார். கண்ணு பட்டிருச்சு என்று உப்பு மிளகாய் சுற்றி அடுப்பில் போட்டார்கள். கண் படவில்லை அம்மா, கண்ணில் பட்டது! மருந்துக்கடையிலிருந்து ஒரு களிம்பு வந்தது. மேக்கப் போட வந்த பெண், கசிகிற தோலின் மேலேயே ஃபவுண்டேஷனை அப்பி மறைத்தார். போட்டோகிராஃபர் "கண்ணத் தொறந்து பாருங்கம்மா" என்று பத்துத் தடவை சொன்னார். பிள்ளையால் திறக்க முடியவில்லை.

இதெல்லாம்கூடப் போகட்டும். மாப்பிள்ளை வீட்டில் ஒரு பெரியம்மா, பந்தியில் எல்லார் காதிலும் விழுகிற மாதிரி, "பொண்ணுக்குத் தோல்ல ஏதும் வியாதி இருக்கா, முன்னாடியே சொல்லலையே" என்று கேட்டார். நம் பக்கத்தில் ஒருத்தர்கூட "இல்லைங்க, அது டை ஒத்துக்காமல் வந்தது" என்று பதில் சொல்லவில்லை. எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். ஒரு கிண்ணத்து டை செய்த வேலைக்கு அந்தப் பெண்ணின் உடம்பு குற்றவாளி ஆனது. கல்யாணமாகி எட்டு மாதம் வரைக்கும் அவள் அதற்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு தோல் டாக்டரிடம் பேட்ச் டெஸ்ட் எடுத்து, காகிதத்தில் எழுதி வாங்கிக்கொண்டு வந்து காட்டினாள். அதில் இருந்த பெயர்: பாராஃபினைலீன்டையமைன். சுருக்கமாக பிபிடி.

இப்போது கொஞ்சம் வேதியியல். தூங்காதீர்கள், கடைசி பெஞ்சு.

கறுப்பு, கரும்பழுப்பு ஹேர் டைகளில் பெரும்பாலானவற்றுக்கு அடிப்படை இந்த பிபிடியோ, அதன் நெருங்கிய சொந்தக்கார மூலக்கூறுகளோதான். டியூபில் இருக்கும்போது அதற்குக் கறுப்பு நிறம் கிடையாது. மிகச் சின்ன மூலக்கூறு, அதனால் முடிக்குள் சுலபமாக நுழைகிறது. இன்னொரு டியூபிலோ பாட்டிலிலோ வருவது ஹைட்ரஜன் பெராக்சைடு. இரண்டும் கலந்ததும் ஆக்சிஜனேற்றம் நடக்கிறது. சின்ன மூலக்கூறுகள் ஒன்றோடொன்று கைகோத்துப் பெரிய நிற மூலக்கூறாகி, முடிக்குள்ளேயே மாட்டிக்கொள்கின்றன. அதனால்தான் தலைக்குக் குளித்தாலும் போவதில்லை. வேதியியல் ஆசிரியையாகச் சொல்கிறேன், அழகான வேதிவினை. சிக்கல் பாதி வழியில் இருக்கிறது. முழுதாக நிறமாகாமல் நடுவில் இருக்கிற மூலக்கூறுகள் தோலில் இருக்கிற புரதத்தோடு ஒட்டிக்கொள்ளும். நம் உடம்பின் வெள்ளை அணுக்கள் அதை அந்நியன் என்று குறித்து வைத்துக்கொள்ளும்.

வருகைப் பதிவேடு மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் நாள் பெயர் மட்டும் எழுதிக்கொள்வார்கள், அடி கிடையாது. அப்படி எழுதிக்கொண்டதே நமக்குத் தெரியாது. அடுத்த முறையோ, பத்தாவது முறையோ, அதே ஆள் வாசலில் வந்து நின்றால்தான் அடி விழும். அதுவும் உடனே விழாது, ஒரு நாள் இரண்டு நாள் கழித்து விழும். எழுதிய பெயரை அவர்கள் லேசில் அடிப்பதுமில்லை.

"நான் 10 வருஷமா போடறேன், எனக்கு ஒண்ணும் ஆகல" என்ற வாதம் ஏன் செல்லாது என்று இப்போது புரிகிறதா? 10 வருஷம் ஒன்றும் ஆகாமல் இருந்து 11ஆவது வருஷம் ஆவதுதான் இந்த நோயின் குணமே. (மீசைக்கு டை போடுகிற மாமாக்களும் இந்தப் பத்தியை இன்னொரு தடவை படிக்கவும். உங்கள் மீசைக்கும் கண்ணுக்கும் நடுவில் நாலு விரல் தூரம்தான்.)

கண்ணிமைத் தோல் உடம்பிலேயே மெல்லிய தோல்களில் ஒன்று. ஏறக்குறைய அரை மில்லிமீட்டர். அடியில் தளர்வாக வேறு இருக்கும், அதனால் கொஞ்சம் நீர் சேர்ந்தாலே பொம்மென்று வீங்கும். தலைக்கு மட்டும் டை போட்டவர்களுக்குக்கூட சில சமயம் தலையில் ஒன்றும் இருக்காது, இமைதான் வீங்கும். விரலில் போட்ட நகப்பூச்சு ஒத்துக்கொள்ளாவிட்டால் விரலில் ஒன்றும் தெரியாது, அந்த விரலால் தொட்ட இமையில் அரிப்பு வரும். "கண்ணுக்கு நான் எதுவுமே போடலையே" என்று சொல்லி மாதக்கணக்கில் அவதிப்படுகிறவர்கள், கை நகத்தையும் தலையையும் ஒரு தடவை நினைத்துப் பார்க்க வேண்டும்.

சரி, அந்தப் பிள்ளையின் பதிவேட்டில் பெயர் எப்போது ஏறியது? டாக்டர் துருவித் துருவிக் கேட்டபோது அவளுக்கே ஞாபகம் வந்தது. நாலாம் வகுப்பு படிக்கும்போது, பங்குனிப் பொங்கல் கடைவீதியில், கையில் கறுப்பு மருதாணிக் கோன். அந்தக் கோலத்தின் வடிவத்திலேயே தோல் தடித்துச் சிவந்து பத்து நாள் கழித்துப் போயிற்று. யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

மருதாணி இலையை அம்மியில் அரைத்து வைத்த தலைமுறை நாம். அது என்றைக்காவது கறுப்பாகப் பிடித்து யாராவது பார்த்திருக்கிறீர்களா? முதலில் ஆரஞ்சு, மறுநாள் செக்கச்செவேல், அப்புறம் பழுப்பு. அதற்கும் ராத்திரி முழுக்கக் கையில் துணி சுற்றிக்கொண்டு தூங்க வேண்டும். மருதாணியின் நிறப்பொருள் லாசோன். அதற்குக் கறுப்பாகிற சக்தி கிடையாது. ஒரு மணி நேரத்தில் கன்னங்கரேல் என்று பிடிக்கிற கோனில் இருப்பது பெரும்பாலும் அதே ஹேர் டை பிபிடிதான். தலைமுடி டையில் கலந்து பூசும்போது 2 சதவீதத்துக்கு மேல் பிபிடி இருக்கக் கூடாது என்று ஐரோப்பாவில் வரம்பு வைத்திருக்கிறார்கள். தோலில் வரைகிற கறுப்பு மருதாணியைச் சோதித்த இடங்களில் அதைவிடப் பல மடங்கு இருந்திருக்கிறது. 9 வயதுப் பிள்ளையின் கையில் அதை வரைந்து, 24 வயதில் கல்யாணத்துக்குப் புருவத்தில் அதையே பூசுகிறோம். திருவிழாக் கடையில் பேத்திக்குக் கறுப்புக் கோன் வாங்கிக் கொடுக்கிற தாத்தா பாட்டிகள் காதில் விழட்டும்.

"டீச்சர், நாங்க போடறது ஹெர்பல்தான், நேச்சுரல்" என்று என் மாணவி ஒருத்தி சொன்னாள். கண்ணு, பாக்கெட்டின் முன்பக்கம் விளம்பரம், பின்பக்கம் வாக்குமூலம். முன்பக்கம் நெல்லிக்காயும் கரிசலாங்கண்ணியும் படம் போட்டிருக்கும். பின்பக்கம் பொருள் பட்டியலில் பிபிடி இருக்கும். அமோனியா இல்லை என்று பெரிதாகப் போட்டிருப்பதும் இதே கதைதான். அமோனியா மூக்கைக் காந்தும், அவ்வளவுதான். அலர்ஜிக்குக் காரணம் அமோனியா இல்லை.

அப்படியே உண்மையான இயற்கைப் பொருளாக இருந்தாலும்தான் என்ன? சேராங்கொட்டை இயற்கைதானே? சலவைத் துணியில் அதன் சாற்றால் அடையாளக் குறி போட்ட காலத்தில், அந்தக் குறி பட்ட இடத்தில், கழுத்திலும் இடுப்பிலும் புண் வந்தவர்கள் உண்டு. முந்திரிக்கொட்டையைத் தீயில் சுட்டுத் தின்று வாயும் கன்னமும் வெந்துபோய்ப் பள்ளிக்கு வந்த பிள்ளைகள் உங்கள் வகுப்பிலேயே இருந்தார்கள், பெயர் சொல்லட்டுமா? 'ஹைப்போஅலர்ஜெனிக்' என்று மை டப்பாவில் போடுகிறார்களே, அமெரிக்காவின் உணவு மருந்து நிர்வாகமே அந்த வார்த்தைக்குச் சட்டப்படி எந்த வரையறையும் இல்லை என்று சொல்லியிருக்கிறது. யார் வேண்டுமானாலும் போட்டுக்கொள்ளலாம்.

அமெரிக்கா என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 1933இல் அங்கே 'லாஷ் லூர்' என்ற பெயரில் இமை, புருவத்துக்கு ஒரு சாயம் விற்றார்கள். உள்ளே இருந்தது பிபிடி. பல பெண்களுக்குக் கண்ணில் புண் வந்தது. ஒரு பெண்ணுக்குப் பார்வை போயிற்று. ஓர் உயிரும் போயிற்று. அரசாங்கத்தால் அதைக் கடையிலிருந்து எடுக்க முடியவில்லை, ஏனென்றால் 1906இல் போட்ட சட்டத்தில் அழகுசாதனப் பொருட்களே இல்லை. அதிகாரிகள் கடைசியில் பார்வை இழந்த பெண்ணின் முன்படத்தையும் பின்படத்தையும் ஒரு கண்காட்சியில் மாட்டி மக்களுக்குக் காட்டினார்கள். 1938இல் புதிய சட்டம் வந்தது. தலைமுடி டை விற்கலாம், ஆனால் சோதித்துப் பார், புருவத்திலும் இமையிலும் பூசாதே என்று எழுத வேண்டும் என அந்தச் சட்டம் சொன்னது. நம் ஊர் பாக்கெட்டில் இருக்கிற வாசகமும் கிட்டத்தட்ட வார்த்தைக்கு வார்த்தை அதேதான். அந்தப் பெண்ணின் கண் போனதால் எழுதப்பட்ட வரி அது. 90 வருஷமாகப் போகிறது, நாம் இன்னும் படிக்கவில்லை.

அடுத்து ஐலாஷ் எக்ஸ்டென்ஷன். இமை முடி ஒவ்வொன்றிலும் செயற்கை முடியை ஒட்டுகிறார்கள். ஒட்டுகிற பசை சயனோஅக்ரிலேட். உடைந்த பிளாஸ்டிக் பொம்மையை நொடியில் ஒட்டுகிறோமே, அந்தக் குடும்பம். 'சென்சிடிவ்' என்று தனியாக விற்கிற பசையும் பெரும்பாலும் அதே குடும்பம்தான், காய்கிற வேகம்தான் வேறு. சிலருக்கு அந்த ஆவியே கண்ணை எரிக்கும், அது ஒன்று. சிலருக்கு உண்மையான அலர்ஜியே வந்துவிடும். வந்தால் முடியை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுக்கிறவரை வீக்கம் இறங்காது. இதற்கு மேல் அதைப் பற்றி எழுத எனக்குப் பொறுமை இல்லை. கடவுள் கொடுத்த இமை முடி தூசி வராமல் தடுப்பதற்கு, விசிறுவதற்கு இல்லை.

பாட்டி காலத்துக் கண்மை நல்லதுதானே என்று கேட்பீர்கள். விளக்கெண்ணெய் விளக்குப் புகையில் பிடித்த மை ஒன்று, கடையில் கல்லை அரைத்து விற்கிற சுர்மா ஒன்று. இரண்டாவதில் ஈயம் இருக்கலாம், பச்சைக் குழந்தையின் கண்ணுக்குப் பக்கத்திலேயே அதைக் கொண்டுபோகக் கூடாது. அது அலர்ஜிக் கதை இல்லை, விஷக் கதை. வேறொரு நாள் எழுதுகிறேன்.

இப்போது புதிதாக வந்திருப்பது நிரந்தரப் புருவம். மைக்ரோபிளேடிங் என்கிறார்கள், பெர்மனென்ட் மேக்கப் என்கிறார்கள். நான் பார்த்தவரை 'டாட்டூ' என்று மட்டும் யாரும் சொல்வதில்லை. பச்சை குத்துவதுதான் அது. ஊசியாலோ நுண்ணிய பிளேடாலோ தோலைக் கீறி நிறத்தை உள்ளே இறக்குகிறார்கள். மூன்று நாள் பயிற்சி, சான்றிதழ், வேலைவாய்ப்பு என்று நம் ஊர் பஸ் ஸ்டாண்டிலேயே போஸ்டர் ஒட்டியிருக்கிறது. மூன்று நாளில் லிட்மஸ் தாளைச் சரியாகப் பிடிக்கக்கூட உங்களில் பாதிப் பேருக்கு வரவில்லை, ஞாபகம் இருக்கட்டும்.

டை ஒத்துக்கொள்ளாவிட்டால் கழுவலாம், முடி வளர்ந்ததும் போய்விடும். தோலுக்குள் இறக்கிய நிறத்தை எப்படிக் கழுவுவது? உடம்பு அதை வேண்டாம் என்று சொன்னால், பொருள் உள்ளேயே உட்கார்ந்திருக்கும், உடம்பும் விடாமல் சண்டை போடும். தடிப்பு, அரிப்பு, கட்டி. இது போட்ட வாரத்திலும் வரலாம், சில வருஷம் கழித்தும் வரலாம். 2003, 2004 ஆண்டுகளில் அமெரிக்காவில் ஒரே கம்பெனியின் நிரந்தர மேக்கப் மைகளால் 150க்கும் மேற்பட்ட புகார்கள் வந்தன, அந்த மைகளைத் திரும்பப் பெற வேண்டியதாயிற்று. தோலுக்குள் செலுத்துவதற்கென்று எந்த நிறப்பொருளுக்கும் தாங்கள் அனுமதி தரவில்லை என்று அந்நாட்டு நிர்வாகம் இன்றும் சொல்கிறது. ஐரோப்பாவில் 2022 ஜனவரியிலிருந்து பச்சை குத்தும் மைகளில் ஆயிரக்கணக்கான வேதிப்பொருட்களுக்குக் கட்டுப்பாடு போட்டிருக்கிறார்கள். நம் ஊர் நாற்காலியில் உட்கார்ந்து, "அந்த மை பாட்டில்ல என்ன இருக்கு, காட்டுங்க" என்று கேட்டுப் பாருங்கள். இம்போர்டட் என்பார்கள். அது பதில் இல்லை. எந்த நாட்டு வேதிப்பொருளும் வேதிப்பொருள்தான்.

பிடிக்காவிட்டால் லேசரில் எடுத்துவிடலாம் என்றும் சொல்கிறார்கள். அதையும் சொல்லிவிடுகிறேன். புருவ மைகளில் பழுப்பு நிறத்துக்குப் பெரும்பாலும் இரும்பு ஆக்சைடு போடுகிறார்கள். ஃபெரிக், ஃபெரஸ், பத்தாம் வகுப்புப் பாடம். துருவின் நிறம் ஃபெரிக். லேசர் பட்டால் சில சமயம் அது ஃபெரஸ் நிலைக்கு மாறிக் கறுத்துவிடும். பழுப்புப் புருவம் எடுக்கப் போய்க் கறுப்புப் புருவத்தோடு திரும்பி வரலாம். அலர்ஜி வந்தவருக்கு லேசர் அடித்தால், உடைந்த நிறத்துகள் உடம்பில் பரவி அலர்ஜி இன்னும் பெரிதாகவும் வாய்ப்பு உண்டு. கீறுவதற்கு முன் தடவுகிற மரத்துப்போகும் க்ரீம்கள் சிலவற்றில் பென்சோகெயின் இருக்கும். பிபிடி ஒத்துக்கொள்ளாத சிலருக்கு அதுவும் ஒத்துக்கொள்ளாது. நிறத்துக்கே போவானேன், க்ரீமிலேயே முடிந்துவிடும்.

பார்லர் நடத்துகிற என் மாணவிகளே. உங்களில் 5 பேராவது இதைப் படிப்பீர்கள். கோபம் வரும், வரட்டும். கடன் வாங்கிக் கடை போட்டு, புருஷன் வருமானம் இல்லாமல், அந்தக் கண்ணாடிக்கு முன்னால் நின்று நின்று கால் நரம்பு சுருண்டு பிள்ளைகளைப் படிக்க வைக்கிறீர்கள். எனக்குத் தெரியும். உங்கள் வேலையைக் கேவலமாகப் பேசுகிறவர்களோடு நான் சண்டை போட்டிருக்கிறேன். உங்கள் விரல் பாளமாக வெடித்திருப்பதும் எனக்குத் தெரியும். கையுறை இல்லாமல் நாள் முழுக்க டை கலக்கினால் முதலில் பதிவேட்டில் ஏறுகிற பெயர் உங்களுடையதுதான்.

நீங்கள் சொல்கிற காரணமும் தெரியும். "கஸ்டமர் காத்திருக்க மாட்டாங்க டீச்சர். நாளைக்கு வாங்கன்னு சொன்னா பக்கத்துக் கடைக்குப் போயிடுவாங்க." நியாயம்தான். அதனால்தான் இதைக் கஸ்டமர்கள் படிக்கிற இடத்தில் எழுதுகிறேன். கல்யாண ஆர்டருக்கு அட்வான்ஸ் வாங்குகிறீர்கள் அல்லவா? ட்ரையல் மேக்கப் போட்டுப் பார்க்கிறீர்கள் அல்லவா? அந்த நாளிலேயே தலைக்குப் போடப்போகிற டையில் ஒரு சொட்டு, இமைக்கு வருகிற பசையில் ஒரு சொட்டு, முழங்கைக்கு உட்பக்கமோ காதுக்குப் பின்னாலோ வைத்து அனுப்புங்கள். 2 நாள் பார்க்கச் சொல்லுங்கள். பாக்கெட்டில் 24 மணி நேரம் என்று போட்டிருந்தாலும் 48 மணி நேரம் பார்ப்பது நல்லது, சிலருக்குத் தாமதமாகத்தான் வரும். ஒரு நோட்டில் தேதி, பொருளின் பெயர், வந்த பெண்ணின் கையெழுத்து. சோதனையில் ஒன்றும் வரவில்லை என்றால் இனி எதுவுமே வராது என்று பத்திரம் எழுதிக் கொடுத்ததாக அர்த்தம் இல்லை. ஆனாலும் இருட்டில் குதிப்பதைவிட மேல். புருவத்துக்கு ஹேர் டை மட்டும் சோதித்தும் வேண்டாம், சோதிக்காமலும் வேண்டாம். கேட்கிறவரிடம் பாக்கெட்டின் பின்பக்கத்தைக் காட்டுங்கள். கேக் போலக் குழைத்துப் பூசுகிற புருவப் பவுடர் இருக்கிறது, பென்சில் இருக்கிறது, ராத்திரி முகம் கழுவினால் போய்விடும். போட்டோவுக்கு அது போதும்.

பெண்ணைப் பெற்றவர்களுக்கு: முகூர்த்தத்துக்கு முந்தின வாரத்தில் முகத்தில் புதிதாக எதுவுமே கூடாது. புது ஃபேஷியல், புது ப்ளீச், புது மை, எதுவும். முன்பே கோனோ டையோ நகப்பூச்சோ ஒத்துக்கொள்ளாமல் போயிருந்தால் பார்லரில் வாயைத் திறந்து சொல்லுங்கள். "சொன்னா வெளிய தெரிஞ்சிடும்" என்று மறைப்பதால்தான் பந்தியில் தலை குனிய வேண்டி வருகிறது. ஸ்டிக்கர் பொட்டு வைத்த இடம் வெள்ளையாகிப்போன அத்தைமார் நம் குடும்பத்திலேயே 2 பேர். பொட்டின் பசையில் இருந்த வேதிப்பொருள் செய்த வேலைக்கு, வெண்குஷ்டம் என்று பேர் வைத்து அவர்களைக் கோயில் பிரசாதம் கொடுக்கவிடாமல் ஒதுக்கியதும் நம் குடும்பம்தான். மறந்துவிட்டீர்களா?

வீங்கிவிட்டால் என்ன செய்வது என்றும் சொல்லிவிடுகிறேன். சுத்தமான தண்ணீரில் தேய்க்காமல் கழுவுங்கள். முகத்தில் போடுகிற எல்லாவற்றையும் நிறுத்துங்கள். மஞ்சள், சந்தனம், தாய்ப்பால், எலுமிச்சை எதுவும் கண்ணருகே வேண்டாம். மருந்துக்கடையில் கேட்டு வாங்குகிற களிம்பு பெரும்பாலும் ஸ்டீராய்டு. இரண்டு நாளில் அற்புதமாகக் குறையும், அதுதான் ஆபத்து. டாக்டர் பார்க்காமல் இமையில் மாதக்கணக்கில் தடவினால் கண் அழுத்தமும் கண்புரையும் வரலாம். கண் வலித்தாலோ, பார்வை மங்கினாலோ, வெளிச்சம் பார்க்க முடியாவிட்டாலோ அன்றைக்கே கண் டாக்டர். மூச்சு திணறினாலோ, நாக்கும் தொண்டையும் வீங்கினாலோ 108. எல்லாம் அடங்கிய பிறகு தோல் டாக்டரிடம் போய்ப் பேட்ச் டெஸ்ட் கேளுங்கள். முதுகில் சின்னச் சின்ன வில்லைகளாக ஒட்டி, 2 நாள் கழித்து எடுத்து, அப்புறம் இன்னொரு முறையும் பார்ப்பார்கள். ஊசி கிடையாது, ரத்தம் கிடையாது. உங்கள் மாவட்ட அரசு மருத்துவக் கல்லூரித் தோல் பிரிவில் இருக்கிறதா என்று விசாரியுங்கள். எது ஒத்துக்கொள்ளாது என்று எழுதிக் கொடுக்கிற காகிதத்தை ஜாதகத்தைவிடப் பத்திரமாக வையுங்கள்.

பூசிய டையின் அட்டையையும் பில்லையும் வீசிவிடாதீர்கள். எச்சரிக்கை வாசகமோ பொருள் பட்டியலோ இல்லாத பாக்கெட் கையில் கிடைத்தால், மாவட்டத்தில் மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை ஆய்வாளர் இருக்கிறார், அவருக்கு எழுதுங்கள். எழுதத் தெரியாவிட்டால் எனக்குப் படம் அனுப்புங்கள், நான் எழுதித் தருகிறேன். ஓய்வு பெற்றவளுக்கு வேறென்ன வேலை.

கமெண்டில் யாரும் எந்தப் பார்லர் பெயரையும் எழுதாதீர்கள், எழுதினால் நீக்கிவிடுவேன். எந்தப் பார்லர் என்று இன்பாக்ஸில் கேட்கவும் வேண்டாம். உங்கள் வீட்டுப் பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படம் எடுத்துப் போடுங்கள். தமிழில் எச்சரிக்கை இருக்கிறதா இல்லையா என்று எண்ணிப் பார்ப்போம்.